நாலு விரற்கடை குறைவு

ஜனவரி 11

அன்பு அக்காவுக்கு,

நானும் என் வயிறும் இங்கே நலம். உன் முழங்கால், மாமாவின் காது இரண்டையும் பற்றித் தனித்தனியாக எழுதவும். போன கடிதத்தில் "எல்லாரும் நலம்" என்று மொத்தமாக முடித்துவிட்டாய். மொத்தக் கணக்கு எனக்கு எப்போதும் ஒத்துவராது.

சிறைச்சாலை ஸ்டோரில் வேலை அதிகம். இருபத்தாறு வருஷமாகத் தட்டு, போர்வை, விளக்குமாறு என்று கொடுத்துக்கொண்டிருந்தவனுக்கு இந்த மாதம் வேறு மாதிரிச் சாமான்கள் வாங்க வேண்டியதாகிவிட்டது. எட்டாம் அறைக்காரரின் கருணை மனுவுக்கு ஒன்பது வருஷம் கழித்துப் பதில் வந்திருக்கிறது. பதில் ஒரே வரி, நிராகரிக்கப்பட்டது. மார்ச் மூன்றாம் தேதி என்று குறித்துவிட்டார்கள். அதற்காக ஒரு கயிறு, மேடைக் கதவின் கீலுக்குக் கிரீஸ், ஒத்திகைக்கு ஒரு மணல் மூட்டை. மூட்டை அவர் எடையில் ஒன்றரை மடங்கு இருக்க வேண்டும். தேதி குறித்ததிலிருந்து அவர் எடை ஏறிக்கொண்டே போவதுதான் சிக்கல். டாக்டர் கேட்டதற்கு, "பதில் வந்துடுச்சுல்ல டாக்டர், இப்பதான் சாப்பாடு தொண்டையில இறங்குது" என்றாராம். வாரா வாரம் மூட்டையைப் பிரித்து மணல் சேர்க்கிறேன்.

எனக்கு ஒரு கூடுதல் பொறுப்பும் கொடுத்திருக்கிறார்கள். ஒரு நாள் வேலைதான். மாமாவிடம் சொல்ல வேண்டாம்.

உடம்பைப் பார்த்துக்கொள்ளவும்.

உன் தம்பி

*

ஜனவரி 19

என் தம்பி தராசுக்கு,

தனித்தனியாகக் கேட்டாய், தனித்தனியாகச் சொல்கிறேன். முழங்கால் படி ஏறும்போது மட்டும் பேசுகிறது. மாமாவின் காது நான் பேசும்போது மட்டும் கேட்பதில்லை. உன் வயிற்றுக்கு வெந்நீர் குடி.

உன் கடிதத்தை மாமாவிடம் நான் காட்டவில்லை. அவரே எடுத்துப் படித்துக்கொண்டார். டிப்போவில் முப்பது வருஷம் டைம் கீப்பராக இருந்தவர் கண்ணில் உன் ஒன்பது வருஷம்தான் பட்டது. "ஒன்பது வருஷம் லேட்டா? பஸ்ஸா இருந்தா ஜனங்க கண்ணாடியை உடைச்சிருப்பாங்க" என்றார்.

என் கண்ணில் பட்டது வேறு. கிரீஸ் வரைக்கும் எழுதியவன், கூடுதல் பொறுப்பு என்னவென்று எழுதவில்லை. நீ எதையும் எழுத மறக்கிறவன் இல்லை. கயிற்றை எடுத்துக் கொடுப்பதோடு ஸ்டோர்காரனின் வேலை தீர்ந்துவிடுகிறது. "ஒரு நாள் வேலை" என்றால் அந்த நாள் மார்ச் மூன்றா? அந்த லீவரை இழுக்கப்போவது நீயா?

பெரிய கடிதம் வேண்டாம். ஆம், இல்லை என்று ஒரு கார்டு போடு. நான் தினமும் வாசலில் தபால்காரரைப் பார்த்து நிற்பதில், அவர் சந்தேகமாகப் பார்க்கத் தொடங்கிவிட்டார்.

ஆண்டவன் உன் பக்கத்தில் இருக்கட்டும்.

அக்கா

*

பிப்ரவரி 8

அக்கா,

பதில் தாமதம். வேலை. எல்லாரும் நலமாக இருப்பீர்கள் என்று மொத்தமாகவே நம்புகிறேன்.

நீ கேட்டதற்குப் பதில்: ஆம்.

அந்த வேலைக்கு ஏழு வருஷமாக ஆள் இல்லை. சூப்பிரண்டு எங்கள் எல்லாரையும் வரிசையாக நிற்கவைத்து, "யாருக்கு விருப்பம்?" என்று கேட்டார். அவரவர் செருப்பை அவரவர் பார்த்தோம். அப்போது பின்னாலிருந்து யாரோ, "நம்ம தராசு இருக்காரே சார், அவர் கையில எதுவும் தப்பாப் போகாதே" என்றார்கள். எல்லாரும் சிரித்தார்கள். சூப்பிரண்டு சிரிக்கவில்லை. "அந்தக் கைதான் வேணும். தப்பு நடக்காம இருந்தா அந்த ஆளுக்கும் நல்லது" என்றார். இத்தனை வருஷமாக வாங்கிய நல்ல பெயருக்கு இப்படி ஒரு செலவு வரும் என்று நான் நினைத்ததில்லை. நான் மாட்டேன் என்றால் அடுத்தது புதிதாகக் கல்யாணமான ஒரு வார்டர். கையெழுத்துப் போட்டுவிட்டேன்.

எட்டாம் அறைக்காரர் நல்லவர் என்று நான் சொல்லவில்லை. லேத் பட்டறையில் கூட்டாளியை இரும்புக் கம்பியால் அடித்துக் கொன்றவர். இல்லை என்று அவரும் ஒரு நாளும் சொன்னதில்லை. போன வாரம் சட்டை இறுக்குகிறது என்றார். அளவு கேட்டேன். "ரெண்டு சைஸ் பெரிசாவே குடுங்க சார், ரொம்ப நாள் வரணும்" என்றார். பிறகு இரண்டு பேரும் அந்தச் சட்டையையே பார்த்துக்கொண்டு நின்றோம்.

நீ கும்பிடும்போது என் பெயரையும் சேர்த்துக்கொள். காரணம் சொல்ல வேண்டாம், ஆண்டவனுக்குத் தெரியும்.

தம்பி

*

பிப்ரவரி 12

தம்பிக்கு,

உன் கடிதம் கிடைத்தது. இரண்டு நாள் உன்னைத் திட்டினேன். நீ இல்லாததால் மாமா வாங்கிக்கொண்டார். அவர் காது இப்போது தேவலை.

கையெழுத்துப் போட்டது நீ. நான் எங்கேயும் போடவில்லை. நூலகத்தில் அரசியலமைப்புச் சட்டப் புத்தகத்தை எடுத்துவந்து, பிரார்த்தனை முடிந்ததும் தினம் இரண்டு பக்கம் என்று ஜனவரியிலிருந்தே படித்துவந்தேன். உன் "ஆம்" வந்த அன்று மீதியை ஒரே மூச்சில் முடித்தேன். அஞ்சாம் வகுப்போடு நின்றவளுக்கு முக்கால்வாசி புரியவில்லை. புரிந்த கால்வாசியை வைத்துத் தலைமை நீதிபதிக்கு ஒரு கடிதம் எழுதிப் போட்டுவிட்டேன். பிரதி கீழே:

"மதிப்புக்குரிய ஐயா அவர்களுக்கு, நாங்கள் இங்கே நலம். நாள் முழுக்க உட்கார்ந்தே செய்கிற வேலை ஆதலால் தங்கள் இடுப்பு எப்படி இருக்கிறதோ என்று கவலையாக இருக்கிறது. எனக்கு ஒரு சந்தேகம். சட்டம் வகுத்த முறைப்படி அல்லாமல் யார் உயிரையும் எடுக்கக் கூடாது என்று நம் சட்டத்தில் இருக்கிறது. சிறையில் எட்டாம் அறையில் இருக்கிற ஒருவருடைய கருணை மனுவை ஒன்பது வருஷம் மேஜையில் மறந்து வைத்திருப்பது எந்த முறையில் சேர்த்தி? 'இன்றைக்கோ' என்று ஒன்பது வருஷம் காலையில் எழுந்தவருக்குத் தண்டனை ஒன்றா, மூவாயிரத்து இருநூற்று எண்பத்தைந்தா? (லீப் வருஷம் இரண்டு விட்டுப்போனது என்கிறார் என் கணவர்.) அவர் செய்தது பாவம்தான். மறந்து வைத்திருந்ததற்கு என்ன பெயர் என்று புத்தகத்தில் தேடினேன், கிடைக்கவில்லை. தேதி மார்ச் மூன்று. அதற்குள் பதில் எழுதவும். தங்கள் வீட்டில் எல்லாரையும் விசாரித்ததாகச் சொல்லவும்."

உன் பெயரை எழுதவில்லை. மாமா தபால்பெட்டி வரைக்கும் கூடவே வந்து, "ஜெயில்ல போடுவாங்க, ஜெயில்ல போடுவாங்க" என்று சொல்லிக்கொண்டே வந்தார். போட்டால் என்ன, உள்ளே தம்பி இருக்கிறான், போர்வை நல்லதாகக் கொடுப்பான் என்றேன்.

வெந்நீர் குடிக்கிறாயா?

அக்கா

*

மார்ச் 9

அக்கா,

உன் முழங்கால் நலமா என்று கேட்கக் கை வரவில்லை. அந்த முழங்காலோடு எவ்வளவு தூரம் போய்விட்டாய்.

ஐந்தாம் தேதி மதியம் தடை உத்தரவு வந்தது. நீ அனுப்பிய கடிதத்தையே மனுவாக எடுத்துக்கொண்டிருக்கிறார்கள். சூப்பிரண்டு எங்களைக் கூப்பிட்டு வாய்விட்டுப் படித்தார். கடைசி வரியில் குரல் தடுமாறிவிட்டது. "மனுதாரர் இந்த நீதிமன்றத்தின் இடுப்பு குறித்து விசாரித்துள்ளார். நலமே" என்று இருந்தது.

"யாருய்யா இந்தம்மா?" என்று கேட்டார். ஸ்டோரைப் பூட்டாமல் வந்துவிட்டேன் சார் என்று நான் நழுவிவிட்டேன். எட்டாம் அறைக்காரருக்கு விஷயத்தைச் சொன்னபோது, முதலில் அவர் கேட்டது, "அந்தம்மாவுக்கு என்னைத் தெரியுமா?" என்பதுதான்.

நடுவில் ஒரு சின்ன நிர்வாக விஷயம். பிப்ரவரி இருபத்தாறாம் தேதி வந்த கயிறு அளந்ததில் நாலு விரற்கடை குறைந்தது. விதிப்படி திருப்பி அனுப்பினேன். அதனால் தேதியைப் பதினேழுக்குத் தள்ளியிருந்தார்கள். மற்றபடி இங்கே விசேஷம் இல்லை.

கோர்ட்டில் என் பெயரைச் சொல்லிவிடாதே. உனக்கு என்னைத் தெரியாது. எனக்கும் உன்னைத் தெரியாது.

மாமாவைக் கேட்டதாகச் சொல்லவும்.

தம்பி

*

ஏப்ரல் 14

எனக்குத் தெரியாத தம்பிக்கு,

நலம். நலமறிய ஆவல் உண்டு, ஆனால் உன்னை எனக்குத் தெரியாதே, எப்படிக் கேட்பது?

நேற்று முதல் விசாரணை. பத்தரை மணி என்று போட்டிருந்தார்கள். பதினொன்று ஐந்துக்குத்தான் நீதிபதிகள் வந்தார்கள். மாமா கடிகாரத்தைப் பார்த்து, எல்லாருக்கும் கேட்கும்படி உச்சுக்கொட்டினார்.

சர்க்கார் வக்கீல் எழுந்து, "இந்தம்மா யாருங்க? அந்தக் கைதிக்கு உறவில்லை, சிநேகிதம் இல்லை. எந்த உரிமையில மனு போட்டாங்க?" என்றார். நீதிபதி என்னைப் பார்த்து, "நீங்களே சொல்லுங்கம்மா" என்றார். உண்மையான பதில் தொண்டை வரைக்கும் வந்துவிட்டது. நீ கேட்டுக்கொண்டதற்காக விழுங்கினேன். "நான் சோப்பு வாங்கினாலும் வரி குடுக்கறேங்க ஐயா. அந்தக் கயிறை அதுலதானே வாங்கியிருப்பீங்க? அதுல ஒரு இழை என்னுது" என்றேன். வக்கீல் உட்கார்ந்துவிட்டார்.

அடுத்து அவர் பிடித்தது வேறு. ஒன்பது வருஷம் போனது மேலிடத்தில்தானாம். மனு நிராகரிக்கப்பட்ட பிறகு சிறையில் ஒரு நாள்கூட வீணாகவில்லையாம். "அப்படியா? சிறை ஃபைலைக் கொண்டாங்க, அதைப் பார்க்கிற அதிகாரியும் வரட்டும்" என்றார் நீதிபதி.

சொல்ல வேண்டியது இன்னொன்று. பெஞ்சில் என் பக்கத்தில் ஒரு வயதான அம்மா உட்கார்ந்திருந்தார். தண்ணீர் பாட்டிலைத் திறக்க முடியாமல் என்னிடம் நீட்டினார். திறந்துகொடுத்தேன். "நீங்க எந்தக் கேஸு?" என்று கேட்டார். சொன்னேன். "செத்தது என் பையன்" என்றார்.

எனக்கு உட்காரவும் முடியவில்லை, எழுந்திருக்கவும் முடியவில்லை. அவரே பேசினார். "அவன் போயிட்டா தூங்கலாம்னு பதினோரு வருஷமா இருக்கேன். தேதி தேதியா அலைஞ்சதுல இருந்த தூக்கமும் போச்சு. எதையோ ஒண்ணைச் சொல்லி முடிச்சாங்கன்னா போதும். நீங்க நடத்துங்க, எனக்கு உங்க மேல கோபமில்ல. இருந்தாலும் சொல்ல மாட்டேன்" என்றார். பாட்டிலை மூடிக்கொடுத்தேன். இப்போதெல்லாம் கும்பிடும்போது அவரை முதலில் சொல்லிவிட்டு உன்னை இரண்டாவதாகத்தான் சொல்கிறேன். கோபித்துக்கொள்ளாதே.

நாலு விரற்கடை பற்றி நான் ஒன்றும் கேட்கவில்லை.

அக்கா

*

மே 22

அக்கா,

நலம். ஃபைலோடு வரச்சொல்லியிருப்பது என்னைத்தான். ஜூன் ஆறு. என்னைப் பார்க்காதே. மாமாவைக் கூட்டி வராதே, தெரிந்தவர்களைக் கண்டால் கை ஆட்டுகிற பழக்கம் அவருக்கு.

தம்பி

*

ஜூன் 8

தம்பிக்கு,

நீயும் அங்கேதான் இருந்தாய் என்றாலும் ஒரு தடவைகூட நிமிர்ந்து பார்க்காததால், நடந்ததை எழுதுகிறேன்.

மாமா கை ஆட்டினார். "யாருக்குங்க கை காட்டறீங்க?" என்று சிப்பாய் கேட்க, "ஈ ஓட்டினேன்" என்றார். அந்தக் கூடத்தில் ஈயே இல்லை.

தாழ்வாரத்தில் எதிரே வந்த நீ, "வழி விடுங்கம்மா" என்றாய். உன்னைவிட ஆறு வயசுதான் பெரியவள் நான். அதை மறந்துவிட மாட்டேன்.

நீதிபதி உன் ஃபைலைப் புரட்டிப் புரட்டிப் பார்த்தார். "கயிறு நாலு விரற்கடை குறைவுன்னு எழுதியிருக்கீங்க. யாரோட விரல்?" என்று கேட்டார். "என் விரல்தாங்க ஐயா" என்றாய். "கையைக் காட்டுங்க" என்றார். நீட்டினாய். "ஸ்டோர்ல அளக்கிற டேப் இல்லையா?" என்றதற்கு, "இருக்குங்க ஐயா. அன்னிக்குக் கைக்கு ஆப்புடல" என்றாய். கூடமே சிரித்தது. எனக்கு மட்டும் சிரிப்பு வரவில்லை.

சர்க்கார் வக்கீல் உன்னைக் காப்பாற்றுவதாக நினைத்துக்கொண்டு, "இருபத்தாறு வருஷத்துல இவர் ஒரு பதிவுகூடத் தப்பா எழுதினதில்லைங்க" என்று உன் சர்வீஸ் புத்தகத்தைத் தூக்கிக் காட்டினார். "அதான் எனக்கும் ஆச்சரியமா இருக்கு" என்றார் நீதிபதி. அப்புறம் தேதிகளைத் தாமாகவே வாய்க்குள் கூட்டிப் பார்த்தார். "மூணாம் தேதி குறிச்சிருக்கு. நம்ம தடை உத்தரவு அஞ்சாம் தேதிதான் போய்ச் சேர்ந்திருக்கு. கயிறு மட்டும் சரியா இருந்திருந்தா..." என்றவர் அதை முடிக்கவில்லை. கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். உன்னிடம், "நீங்க போகலாம்" என்றார். சார் என்று சொல்லவில்லை, ஆனால் சொன்ன மாதிரி இருந்தது.

இரண்டு நாள் கணக்கு எனக்கும் வீட்டிலேயே தெரிந்துதான் இருந்தது. உன் மார்ச் மாதக் கடிதம் வந்த அன்றே கூட்டிப் பார்த்துவிட்டேன். ஏழு வயசில் பென்சிலை வீட்டில் எல்லாருக்கும் நூல் வைத்து அளந்து வெட்டிக் கொடுத்தவன் நீ. பதில் எழுத வேண்டாம். தீர்ப்பைத் தள்ளிவைத்திருக்கிறார்கள்.

வயிறு எப்படி இருக்கிறது என்று மட்டும் எழுது.

அக்கா

*

ஜூலை 20

அக்கா,

வயிறு நலம்.

தீர்ப்பு வந்துவிட்டது, நீயும் கேட்டிருப்பாய். தூக்கை ஆயுள் தண்டனையாக மாற்றிவிட்டார்கள். தூக்கே கூடாதா என்ற பெரிய கேள்வியை இன்னொரு நாளைக்கு வைத்திருக்கிறார்கள். இந்த ஒருவர் விஷயத்தில், "ஒன்பது வருஷமே போதும், நாலு விரற்கடையைக் கணக்கில் சேர்க்க வேண்டியதில்லை" என்று எழுதியிருக்கிறார்கள். அந்த வரியைச் சூப்பிரண்டு இரண்டு தடவை படித்தார். இரண்டாவது தடவை என்னைப் பார்த்துக்கொண்டே படித்தார்.

எனக்கு மெமோ வந்தது. கவனக்குறைவுக்கு விளக்கம் கேட்டிருந்தார்கள். "டேப் இருந்தும் விரலால் அளந்தது என் கவனக்குறைவே. இனி இப்படி நேராது" என்று எழுதிக்கொண்டுபோய்க் கொடுத்தேன். சூப்பிரண்டு கதவைச் சாத்தச் சொன்னார்.

"கடைசி வரி எதுக்கு?" என்றார்.

"வழக்கமா எழுதறதுதான் சார்."

"அஞ்சாம் ரூம்ல இன்னொருத்தர் இருக்காரு. அவர் மனுவும் மேலதான் இருக்கு."

"தெரியும் சார்."

"தெரிஞ்சா சரி. அந்த வரியை அடிச்சிட்டுக் குடுங்க."

அடித்துவிட்டுக் கொடுத்தேன். கண்டித்து ஒரு தாள் சர்வீஸ் புத்தகத்தில் ஏறியது. கூடுதல் பொறுப்பிலிருந்தும் நீக்கிவிட்டார்கள். காரணம், "நம்பகமான கை அல்ல." அதைப் படித்துவிட்டு வெளியே வந்து குழாயடியில் கையைக் கழுவினேன். எவ்வளவு நேரம் என்று பார்க்கவில்லை.

இனிமேல் உனக்கு என்னைத் தெரியும்.

தம்பி

*

ஆகஸ்ட் 17

மனு போட்ட அம்மா அவர்களுக்கு,

வணக்கம். நான் எட்டாம் அறையில் இருந்தவன். தீர்ப்பு நகலில் உங்கள் விலாசம் இருந்தது. நீங்களும் ஐயாவும் சௌக்கியமாக இருக்க வேண்டும். எனக்கு உடம்பு நன்றாகவே இருக்கிறது, தேவைக்கு மேல் இருக்கிறது.

என்னைத் தெரியாமலேயே எழுதினீர்கள். தெரிந்திருந்தால் எழுதியிருப்பீர்களா என்று யோசிப்பேன். நான் செய்தது செய்ததுதான். அவனுடைய அம்மாவுக்கு ஒரு கடிதம் எழுத வேண்டும் என்று இருக்கிறேன். முதல் வரியே வரவில்லை. நலமா என்று கேட்க எனக்கு வாய் ஏது? உங்களுக்கு ஏதாவது தோன்றினால் சொல்லுங்கள்.

இப்போது என்னைப் பொது பிளாக்குக்கு மாற்றி, ஸ்டோரில் வேலை கொடுத்திருக்கிறார்கள். அங்கே ஒரு சார் இருக்கிறார், உங்களுக்குத் தெரிந்திருக்காது. சரியான சிடுமூஞ்சி. விளக்குமாற்றைக் கூட எண்ணி வாங்கி எண்ணி வைக்கிறவர். ஒரு வார்த்தை அதிகம் பேச மாட்டார். அவரோடு எப்படித்தான் காலம் தள்ளப்போகிறேனோ தெரியவில்லை.

நேற்று கதவைப் பூட்டிக்கொண்டே, "நாளைக்குப் போர்வைக் கட்டு வருது. இறக்கணும். காலையில வந்துடுவியா?" என்று கேட்டார்.

நாளைக்கு என்ன செய்வாய் என்று என்னிடம் ஒருவர் கேட்டுப் பதினோரு வருஷம் ஆகிறது அம்மா.

"பார்த்துட்டுச் சொல்றேன் சார்" என்றேன்.

"என்னத்தப் பார்க்கப்போற?" என்று திட்டினார்.

இப்படிக்கு, தங்கள் அன்புள்ள
ஸ்டோர் உதவியாள்